முழங்கைக்கு மேல் வந்தால் ஆள்

என் வீட்டுக்காரரைத் தெருவில் யாரும் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. "என்ன கொரியர், சௌக்கியமா?" என்பார்கள். அவரும் புதிதாகப் பதவி கிடைத்தவர் மாதிரி தலையை அசைத்துவிட்டுப் போவார். உண்மையில் அவர் இதுவரை ஒரு பார்சலையும் யார் வீட்டிலும் கொண்டுபோய்ச் சேர்த்ததில்லை. அவர் நடிகர்.

'எதிர் வீட்டில் எட்டுப் பேர்' என்று ஒரு நகைச்சுவைத் தொடர். அதில் மாடியில் குடியிருப்பவருக்கு வந்த பார்சலைத் தூக்கிக்கொண்டு இவர் வருவார். மாடிக்காரர் எப்போதும் இருக்க மாட்டார். "ஒரு கையெழுத்துப் போட்டுடுங்க, நான் போயிடுறேன்" என்று கீழ்வீட்டில் கேட்பார். அங்கே எட்டுப் பேர். அப்பா அம்மாவைக் கைகாட்டுவார், அம்மா மூத்த மருமகளை, மருமகள் கொழுந்தனை என்று அது எட்டுப் பேரையும் சுற்றிவிட்டு மறுபடி அப்பாவிடமே வந்து நிற்கும். இவர் பார்சலோடு திரும்பிப் போவார். அவ்வளவுதான் வேடம். மூன்று வாரம் வந்தார். ஊரே விழுந்து விழுந்து சிரித்தது.

அதற்கு முன்னால் அவர் போட்ட வேடங்களைச் சொன்னால் நீங்கள் நம்ப மாட்டீர்கள்; பார்த்திருக்கவும் மாட்டீர்கள். வங்கி வரிசையில் முதுகைக் காட்டி நின்றிருக்கிறார். ஆஸ்பத்திரிக் காட்சியில் பக்கத்துக் கட்டில் நோயாளி. ஒருமுறை பிணமாகப் படுத்திருந்தபோது மூக்கில் ஈ உட்கார்ந்தும் அசையாமல் கிடந்தாராம். அந்த ஈயைப் பற்றிப் பேசுகிற மரியாதையில் பாதியை என் தம்பியைப் பற்றிப் பேசும்போது காட்டினால் போதும் என்பேன்.

நான் மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை பார்க்கிறேன். கடை திறந்தால் வேலை, மூடினால் வீடு. இவருக்கு யாராவது கூப்பிட்டால்தான் வேலை. "அடுத்த வாரம் ஏதாவது இருக்கா?" என்று நான் கேட்பதில்லை. கேட்டால் அவர் முகம் சுண்டிவிடும். கேட்காமல் இருப்பதற்கு எவ்வளவு பொறுமை வேண்டும் என்பது எனக்குத்தான் தெரியும்.

இப்படி இருக்கையில், ஒரே நாளில் இரண்டு போன் வந்தது.

முதலில் தொடரின் இயக்குநர். சின்னப் பையன் மாதிரி இருப்பார், இவரை அண்ணே என்பார், என்னை அண்ணி என்பார். "அண்ணி, ஒரு நல்ல சேதி. பார்சலை வாங்க மாடியில ஆளே இல்லல்ல? அதனால நம்ம அண்ணனே அந்த மாடிக்குக் குடிவந்துடுறார். இனிமே வாராவாரம் வர்றார். நிரந்தரம்!"

நிரந்தரம் என்ற சொல்லை எங்கள் வீட்டுச் சுவர்கள் அன்றுதான் முதல்முறையாகக் கேட்டன.

"தொடக்கத்துலேயே தனியா பேர் போட்டுடுவோம் அண்ணி" என்றார். இது சாதாரண விஷயம் இல்லை. கௌரவ நடிகர்களின் பெயர்கள் தொடரின் கடைசியில், விளம்பரத்துக்கு இடம்விட்டு, ரயில் போகிற வேகத்தில் ஓடும். நாங்கள் எல்லோரும் டிவி முன்னால் மண்டியிட்டு உட்கார்ந்து பார்த்தும் இவர் பெயரை ஒருதரம்கூடப் பிடித்ததில்லை. என் தம்பி ஒருமுறை பிடித்துவிட்டதாகக் கத்தினான். பார்த்தால் அது மேக்கப்காரர் பெயர்.

இரண்டாவது போன், சின்னத்திரை நகைச்சுவைப் பேரவையிலிருந்து. நகைச்சுவைத் தொடரில் சிறந்த கௌரவ நடிகர் விருதுக்கு இவரைப் பரிந்துரைத்திருக்கிறார்களாம். இவருக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. தண்ணீர் குடிக்கப் போய் எண்ணெய்ப் பாட்டிலைத் திறந்துவிட்டார். நல்ல காலம், நான் பார்த்துவிட்டேன்.

மறுநாள் பேரவைக்கு வரச் சொன்னார்கள். நானும் கூடப் போனேன்.

பேரவை ஒரு காப்பீட்டுக் கம்பெனிக்கு மேல்மாடியில் இருந்தது. சுவர் முழுக்க முன்னாள் தலைவர்களின் படங்கள். ஒருவர்கூடச் சிரிக்கவில்லை. ஏதோ பெரிய துக்கத்தைச் சேர்ந்து அனுபவித்த குடும்பம் மாதிரி இருந்தார்கள். 'அமைதி காக்கவும்' என்று ஒரு பலகை. அதற்குக் கீழே 'சிரிப்புக் கமிட்டி உள்ளே நடக்கிறது' என்று இன்னொன்று.

தலைவர் எடை அளவுத் துறையில் இருந்து ஓய்வுபெற்றவர். கடைகளில் தராசைச் சோதித்து முத்திரை குத்துவாரே, அந்த வேலை. எங்களை உட்காரச் சொல்லவில்லை. நின்ற உயரத்தில் இவரை ஒருமுறை அளந்து பார்த்தார்.

"சர்வீஸ் பூரா தராசோடயே இருந்தவன் நான். சிரிப்பும் ஒரு சரக்குதான். நிறுத்துப் பார்த்தா எடை தெரிஞ்சுடும்" என்றார்.

"எங்க தொடரைப் பார்த்தீங்களா சார்?" என்று இவர் ஆசையாகக் கேட்டார்.

"நான் டிவி பார்க்கிறதே இல்ல. பார்த்தா பிடிச்சுப் போயிடும். பிடிச்சுப் போனா ஒரு பக்கம் சாஞ்சுடுவேன். தலைவர் சாயலாமா? நம்ம ஆபீஸ்லயே டிவி கிடையாது. யாரும் எங்களைப் பாரபட்சம்னு ஒரு வார்த்தை சொல்ல முடியாது."

செயலாளர் அம்மா பக்கத்தில் நின்று ஒவ்வொரு வாக்கியத்துக்கும் தலையாட்டினார். தலைவர் தொடர்ந்தார்.

"கௌரவ நடிகர்னா யாரு? வந்துட்டுப் போயிடுறவர். போறதுதான் கௌரவம். வந்தவர் அங்கேயே உக்காந்துட்டா அவர் வெறும் நடிகர். அதுக்கு வேற விருது, வேற கமிட்டி, வேற மாடி."

"அதனால விழா முடியற வரைக்கும் அந்தத் தொடர்ல உங்க தலை தெரியக் கூடாது சார்" என்று செயலாளர் அம்மா முடித்து வைத்தார். "தெரிஞ்சா பரிந்துரை ரத்து. உங்களோடது மட்டும் இல்ல, அந்தத் தொடருக்கு இருக்கிற எல்லாப் பரிந்துரையும் ரத்து. உங்க இயக்குநருக்கும் ஒண்ணு இருக்கு."

எனக்கு மண்டை காய்ந்தது. நன்றாக நடித்ததற்குப் பரிசு, இனிமேல் நடிக்காதே என்பது. படிக்கட்டில் இறங்கும்போதே, "இந்த விருதைத் தூக்கிக் குப்பையில போடுங்க" என்றேன். இவர் பாட்டுக்கு இறங்கி நடந்தார். தெருமுனை வந்ததும் நின்றார்.

"ஒரே ஒரு தடவை, ஒரு மேடையில என் பேரைச் சொல்லிக் கேக்கணும்மா. அவ்வளவுதான்."

சரி, உங்கள் இஷ்டம் என்றேன். விழா அடுத்த மாதம்தானே என்று இயக்குநரும் பெருந்தன்மையாகச் சொன்னார். குடிவரும் காட்சியைத் தள்ளி வைத்தார்கள்.

அந்த வார இறுதியில் எங்கள் வீட்டுக் கதவை ஒருவர் தட்டினார். பேரவையின் கண்காணிப்பாளர். ஒல்லியாக, கழுத்து வரை பொத்தான் போட்ட சட்டையோடு இருந்தார். இவர் தொடரில் தலைகாட்டுகிறாரா என்று பார்ப்பது அவர் வேலை. பேரவையில் டிவி இல்லாததால் எங்கள் வீட்டு டிவியில் பார்க்கச் சொல்லி அனுப்பியிருக்கிறார்கள்.

"உக்காருங்க. டீ சாப்பிடுறீங்களா?"

"டூட்டி நேரத்துல டீ சாப்பிடலாம் மேடம். சிரிக்கத்தான் கூடாது."

அதன்பிறகு வாராவாரம் வந்தார். தொடர் ஓடும்போது அவர் உதடு அசையாது. ஆனால் தோள் குலுங்கும். என்ன என்று கேட்டால், "தும்மல் மேடம்" என்பார். போகப் போகத் தொடர் தொடங்குவதற்கு முன்பே வந்து, போன வாரம் தும்மிய இடங்களை எங்களுக்கு நினைவுபடுத்தத் தொடங்கினார்.

அடுத்த மாதம் வந்தது, விழா வரவில்லை. பரிந்துரை பெற்ற ஐந்து பேரில் ஒருவர் பெரிய நடிகர். சினிமாவில் அவர் நடந்தாலே பத்து விசிறி காற்றடிக்கும். அவருடைய தேதி கிடைக்கவில்லையாம். அதனால் விழா தள்ளிப் போனது. மறுபடியும் கிடைக்கவில்லை. மறுபடியும் தள்ளிப் போனது.

"அவர் எந்தத் தொடர்ல நடிச்சார்? நான் பார்த்ததே இல்லையே" என்று செயலாளர் அம்மாவைப் போனில் கேட்டேன்.

"அவர் நடிக்கலையே மேடம். கௌரவ நடிகரா வர்றார்னு விளம்பரம் பண்ணினாங்க. வரலை. அந்த வாரம் பூரா ஒரு குடும்பமே வீட்டைக் கூட்டிப் பெருக்கி அவருக்காகக் காத்துக்கிட்டு இருக்கும். அதுதான் அந்தத் தொடர்லயே அதிகம் பேர் பார்த்தது. நடுவர்கள் அசந்துட்டாங்க."

மற்ற மூவரையும் விசாரித்தேன். ஒருவர் ஓட்டப்பந்தய வீரர். ஒரு கதவு வழியாக ஓடி வந்து இன்னொரு கதவு வழியாக ஓடிவிட்டார். ஒருவர் பாடகர், பாடவில்லை. ஒருவர் வானிலை அறிக்கை வாசிக்கும் அம்மா. கதாநாயகியிடம் மழை வரும் என்று சொன்னார், அதன்படியே வந்தது. ஐந்து பேரில் நடிப்பைத் தொழிலாக வைத்துக்கொண்டு வாடகை கொடுக்கிறவர் இவர் ஒருவர்தான். அது அவருக்கு ஒரு குறையாகவே இருந்தது.

இதற்குள் சேனல்காரர்கள் இயக்குநரின் கழுத்தைப் பிடிக்க ஆரம்பித்தார்கள். கொரியர் எங்கே என்று ஜனங்கள் கேட்கிறார்களாம். இயக்குநர் மூளையைக் கசக்கி ஒரு வழி கண்டுபிடித்தார். அந்த வாரம் கதவுக்கு வெளியே இருந்து இவர் குரல் மட்டும் வந்தது. "ஒரு கையெழுத்துப் போட்டுடுங்க." எங்கள் சோபாவில் கண்காணிப்பாளர் பலமாகத் தும்மினார்.

மறுநாளே விசாரணை. குரல் என்பது ஆளா, இல்லையா? தலைவர் நெடுநேரம் யோசித்துவிட்டு, "குரலுக்கு எடை கிடையாது. இந்த ஒரு தடவை விட்டுடலாம்" என்றார்.

துணிச்சல் வந்துவிட்டது இயக்குநருக்கு. அடுத்த வாரம் கதவு லேசாகத் திறந்தது. ஒரு கை மட்டும் பார்சலை நீட்டியது. எட்டுப் பேரும் அந்தக் கையிடம் ஒருவரை ஒருவர் கைகாட்டினார்கள். கை சோர்ந்துபோய்க் கதவுக்கு வெளியே போய்விட்டது. சொன்னால் சிரிப்பீர்கள், ஒரு கையில் அவ்வளவு ஏமாற்றத்தை நான் பார்த்ததே இல்லை.

பேரவையில் அதற்கென்று தனியாக ஒரு கைக் குழு அமைத்தார்கள். தலைவர் மேஜை இழுப்பறையிலிருந்து அளவு நாடாவை எடுத்தார். இவரைக் கையை நீட்டச் சொன்னார். சட்டையை மடித்து விட்டிருந்தாரா, முழுக்கையா என்று கேட்டார். என் போனில் அந்தக் காட்சியைப் போட்டுக் காட்டச் சொல்லி, தான் பார்த்துவிடாமல் முகத்தைத் திருப்பிக்கொண்டு, செயலாளர் அம்மாவை அளக்கச் சொன்னார்.

பிறகு எழுந்து நின்று தீர்ப்பு சொன்னார். "முழங்கை வரைக்கும் வந்தா அது கை. முழங்கைக்கு மேல வந்தா ஆள். இது முழங்கைக்குக் கீழேயே நின்னுடுச்சு. ஆட்சேபணை இல்லை."

கைக் குழு கைதட்டியது. எதற்கு வம்பு என்று நாங்களும் தட்டினோம்.

அடுத்த வாரம் இயக்குநரின் போன். குரலே சரியில்லை.

"அண்ணி, அந்த வீட்டு மாடியை ஷூட்டிங்குக்கு ஒரே ஒரு நாள்தான் தர்றாங்க. வர்ற ஞாயிற்றுக்கிழமை. வீட்டுக்காரர் அதுக்கப்புறம் மாடியை இடிச்சுக் கட்டப் போறாராம். அன்னிக்கு அண்ணன் குடிவரணும். இல்லைன்னா..." என்று இழுத்தார்.

"இல்லைன்னா?"

"தண்ணி கேன் போடுறவரைக் குடிவைக்கச் சொல்லிட்டாங்க அண்ணி, சேனல்ல."

அந்தத் தொடரில் தண்ணீர் கேன் போடுகிறவராக வருபவர் நல்ல மனிதர்தான். ஆனாலும் அன்று அவரை நினைத்து எனக்கு வயிறு எரிந்தது. போனை வைத்த கையோடு செயலாளர் அம்மா கூப்பிட்டார். ஒருவழியாகப் பெரிய நடிகரின் தேதி கிடைத்துவிட்டதாம். விழா ஞாயிற்றுக்கிழமை.

இரண்டு சேதியையும் கேட்டதும் இவர் எழுந்தார். பிறகு சட்டையை மாட்டினார். "வா, போய் வாபஸ் வாங்கிட்டு வந்துடலாம். மேடையில பேரைக் கேக்கலைன்னா செத்தா போயிடுவேன்?" என்றார். எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்திருக்க வேண்டும். ஏனோ இல்லை.

"வாபஸ் வாங்க முடியாதே சார்" என்றார் செயலாளர் அம்மா.

"ஏங்க?"

"வாபஸ் கமிட்டி இருக்கு. நல்ல கமிட்டி. ஆனா விழா முடிஞ்சப்புறம்தான் கூடும். யார் ஜெயிச்சாங்கன்னு தெரிஞ்சாதானே யாரு வாபஸ் வாங்கலாம்னு முடிவு பண்ண முடியும்?"

தலைவர் உள்ளேயிருந்து குரல் கொடுத்தார். "கௌரவ நடிகர் விருது காலையிலேயே முதல் விருதா முடிஞ்சுடும். விருதை அறிவிச்ச அடுத்த நிமிஷம் நீங்க சுதந்திரப் பறவை. எங்க வேணா பறந்துக்கலாம்."

இயக்குநரும் ஒத்துக்கொண்டார். சாயங்காலம் வெளிச்சம் இருக்கும் வரை காத்திருப்பார். அதற்குள் வரவில்லை என்றால் தண்ணீர் கேன்.

ஞாயிற்றுக்கிழமை இவர் எங்கள் கல்யாணத்தன்று போட்ட கோட்டை எடுத்துப் போட்டுக்கொண்டார். பொத்தான் போட்டால் மூச்சுவிட முடியவில்லை. பொத்தான் போடாமல் விட்டார். மண்டப வாசலில் சிவப்புக் கம்பளம் விரித்துக்கொண்டிருந்தார்கள். ஆசையாகக் காலை வைக்கப் போனோம்.

"ஓரமா நடங்க சார். இது சாயங்கால விழாவுக்கு. நீங்க முன்விழா."

அப்போதுதான் விவரம் புரிந்தது. கௌரவ நடிகர்களுக்கு விருது கொடுப்பது பெரிய விழாவில் இல்லை. பெரிய விழாவுக்கு மேடை கட்டும்போது, தச்சர்கள் ஆணி அடிக்கும் இடைவெளியில் கொடுப்பதற்குப் பெயர் முன்விழா. முன்வரிசையில் ஐந்து நாற்காலி. ஒவ்வொன்றிலும் ஒரு முகம் ஒட்டிய அட்டை. நான்கு அட்டைகள் அப்படியே இருந்தன. வந்திருந்த ஒரே ஆள் இவர்தான். பெரிய நடிகரின் தேதி கிடைத்தது உண்மைதானாம். அந்தத் தேதியில் அவர் வருவார் என்று யாரும் சொல்லவில்லையாம்.

கேமராக்காரர் தலையில் கைவைத்தார். "அஞ்சு பேரையும் நான் காட்டணுமே! சார், நீங்க கொஞ்சம் மாறி மாறி உக்காருங்களேன். தூரத்துல இருந்து எடுத்துக்கிறேன்."

என் கைப்பையில் கடையில் காட்டும் மாதிரிக் கண்ணாடிச் சட்டங்கள் எப்போதும் கிடக்கும். ஒவ்வொரு நாற்காலிக்கும் ஒன்றாக இவருக்கு மாட்டிவிட்டேன். பாடகருக்குத் தங்க நிறம், வானிலை அம்மாவுக்குப் பூனைக்கண் மாதிரி மேலே கூர்ந்தது, பெரிய நடிகருக்குக் கறுப்பு. இவர் ஓடி ஓடி உட்கார்ந்து, எழுந்துபோன நாற்காலியைப் பார்த்துப் பொறாமையோடு புன்னகைத்தார். ஆணி அடித்துக்கொண்டிருந்த தச்சர்கள் சுத்தியலைக் கீழே வைத்துவிட்டு வேடிக்கை பார்த்தார்கள்.

மேடையில் பேரவையின் நிர்வாகிகள் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். தலைவர் மைக்கைப் பிடித்தார்.

"சுருக்கம். சிரிப்புக்கு உயிர் சுருக்கம். அதைப் பத்தி நான் விரிவாப் பேசலாம்னு வந்திருக்கேன்."

பேசினார். மேடையில் ஒரு தூண் பாதி உயரத்தில் இருந்தபோது தொடங்கினார்; தூணுக்கு வர்ணம் அடித்துக் காய்ந்தபிறகும் பேசிக்கொண்டிருந்தார். இயக்குநர் எனக்குப் போன் செய்தார். "அண்ணி, தண்ணி கேன்காரர் வந்துட்டார்." கொஞ்ச நேரம் கழித்து மறுபடி. "அண்ணி, மேக்கப் போட்டு உக்காந்துட்டார்." மறுபடி. "அண்ணி, வெளிச்சம் இறங்குது. நான் என்ன பண்ணட்டும்?" எனக்கு மேடையில் ஏறி மைக்கைப் பிடுங்கிவிடலாம் போலிருந்தது. இவரைப் பார்த்தேன். ஓட்டப்பந்தய வீரரின் நாற்காலியில், நெற்றியெல்லாம் வியர்வையோடு, இன்னும் புன்னகைத்துக்கொண்டிருந்தார்.

கடைசியில் பரிந்துரைகளை வாசித்தார்கள். பெரிய நடிகரின் பெயரைப் பட்டங்களோடு சேர்த்து வாசித்தார் தலைவர். பாடகர் பெயர், வீரர் பெயர், வானிலை அம்மா பெயர். பிறகு கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு, "மற்றும் கொரியர்காரர்" என்றார்.

இவர் புன்னகை அப்படியே நின்றுவிட்டது. இதற்காகவா இந்த மனிதர் இத்தனை மாதம் முழங்கையை மடக்கிக்கொண்டு கிடந்தார்? எனக்கு அழுகையும் ஆத்திரமும் சேர்ந்து வந்தது.

"விருது பெறுபவர்" என்று தலைவர் உறையைப் பிரித்தார். பெரிய நடிகர்தான். "குறைவா வர்றதுதான் கௌரவ நடிகருக்கு இலக்கணம். இவர் கொஞ்சம்கூட வரலை. இதுக்கு மேல ஒரு நடிகர் என்ன செய்ய முடியும்?"

விருதை வாங்க யாரும் இல்லை. செயலாளர் அம்மா பெரிய நடிகரின் மேனேஜருக்குப் போன் போட்டு மைக்கில் பிடித்தார். மண்டபம் முழுக்க அவர் குரல் கேட்டது.

"ரொம்ப சந்தோஷம்ங்க. சார் தூங்குறார். விருதைக் கொரியர்ல போட்டு விட்டுடுங்க."

போன் அணைந்தது. ஆணிச் சத்தம் நின்றது. பிறகு தச்சர்கள் ஒவ்வொருவராக இவரைத் திரும்பிப் பார்த்தார்கள்.

இவர் எழுந்தார். ஓட்டப்பந்தய வீரரின் கண்ணாடியைக் கழற்றி என்னிடம் கொடுத்தார். தோளைக் கொஞ்சம் தொங்கவிட்டார். அந்த நடை எனக்குத் தெரியும். மூன்று வாரம் டிவியில் பார்த்த நடை. மேடை ஏறி, விருதைத் தூக்கிக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டார்.

"நீங்க யாரு?" என்றார் தலைவர்.

"கொரியர் சார்."

பின்னால் யாரோ களுக்கென்று சிரித்தார்கள்.

"ஒரு கையெழுத்துப் போட்டுடுங்க, நான் போயிடுறேன்" என்றார் இவர்.

தலைவர் பின்வாங்கினார். "நானா? தீர்மானம் இல்லாம நான் எப்படிக் கையெழுத்துப் போடுறது? செயலாளரைக் கேளுங்க."

இவர் செயலாளர் அம்மாவிடம் போனார். "பொருள் வெளியே போகுதுன்னா பொருளாளர்தான் சார் போடணும்." பொருளாளர், "சட்ட ஆலோசகர் சொல்லட்டும், போடுறேன்" என்றார். சட்ட ஆலோசகர், கையெழுத்து என்ற சொல்லைக் கேட்டதுமே பேனாவைப் பைக்குள் ஒளித்துக்கொண்டு மூத்த துணைத் தலைவரைக் கைகாட்டினார். அவர் இளைய துணைத் தலைவரை. அவர் புரவலரை. புரவலர், பக்கத்தில் தூங்கிக்கொண்டிருந்த நிறுவனரை. நிறுவனர் விழித்துப் பார்த்து, "இதையெல்லாம் தலைவர்கிட்ட கேக்கணும்ப்பா" என்று சொல்லிவிட்டு மறுபடி தூங்கிப் போனார்.

இவர் மறுபடி தலைவர் முன்னால் வந்து நின்றார். மேடையில் எட்டுப் பேர். ஒத்திகை இல்லை, வசனம் எழுதித் தரவில்லை. தொடரில் நடிக்கும் எட்டுப் பேர்கூட இவ்வளவு கச்சிதமாகச் செய்ததில்லை. தச்சர்கள் தரையில் உட்கார்ந்துவிட்டார்கள். கேமராக்காரர் ஒரு கையால் வயிற்றைப் பிடித்துக்கொண்டு மறு கையால் எடுத்தார். நான் சிரித்த சிரிப்பில் கண்ணாடிச் சட்டங்கள் மடியிலிருந்து சிதறின.

பின்வரிசையிலிருந்து ஒருவர் தடுமாறிக்கொண்டு மேடையேறினார். எங்கள் வீட்டுக் கண்காணிப்பாளர். கண்ணில் நீர் கொட்டிக்கொண்டிருந்தது. கழுத்துப் பொத்தான் தெறித்துப் போயிருந்தது.

"நான் போடுறேன் சார், நான் போடுறேன். அவர் போகட்டும். அவருக்கு வேலை இருக்கு."

"நீங்க சிரிக்கிறீங்களா?" என்றார் தலைவர் கடுமையாக.

"இல்ல சார். தும்மல்."

வாடகை வண்டி பிடித்துப் போய் இறங்கியபோது மாடியில் கடைசி வெயில் ஒரு பட்டையாகக் கிடந்தது. தண்ணீர் கேன்காரர் படியில் கால் வைத்திருந்தார். இவரைக் கண்டதும் அவராகவே ஒதுங்கினார். "ஏறுங்கண்ணே. எனக்கு வாரத்துக்கு ஒரு தடவை கேன் போட்டாப் போதும், மாடியெல்லாம் ஏற முடியாது" என்றார். அந்த மனிதரை நினைத்து வயிறு எரிந்ததற்காக அந்த இடத்திலேயே மனசுக்குள் மன்னிப்புக் கேட்டுக்கொண்டேன். விருது கையில் இருந்ததால் அதையே காகிதத்தில் சுற்றிப் பார்சலாக்கிவிட்டார்கள். இவர் பார்சலோடு படியேறி, பூட்டிய மாடிக் கதவைத் தட்டி, யாரும் வராததால், சாவியைப் போட்டுத் தானே திறந்து உள்ளே போய், தானே வெளியே வந்து, தனக்குத்தானே கையெழுத்துப் போட்டு, பார்சலை வாங்கிக்கொண்டு உள்ளே போனார். முழங்கை, தோள், தலை எல்லாம் தெரிந்தது.

இரண்டு வாரம் கழித்து அது ஒளிபரப்பானது. தொடக்கத்தில் வீட்டின் படம் வந்தது, எட்டுப் பெயர்கள் வந்தன. பிறகு தனியாக, திரையின் நடுவில், என் வீட்டுக்காரரின் பெயர். யார் வேண்டுமானாலும் படித்துவிட்டு இன்னொரு தடவை படிக்கலாம். அவ்வளவு நேரம் நின்றது. இவர் வாய்விட்டுப் படித்தார், நான் படித்தேன், என் தம்பி படித்தான். எங்கள் சோபாவில் டூட்டி இல்லாமலே வந்து உட்கார்ந்திருந்த கண்காணிப்பாளரும் சத்தமாகப் படித்தார்.

விருதை ஒப்படைக்க இவர் பெரிய நடிகரின் வீட்டுக்கு நிஜமாகவே போய்ப் பார்த்தார். வாசல் காவலர் மேனேஜரைக் கைகாட்டினார், மேனேஜர் உதவியாளரை. திரும்பக் கொண்டுவந்து எங்கள் ஃபிரிட்ஜ் மேல் வைத்திருக்கிறார். யாராவது கையெழுத்துப் போட்டால் கொடுத்துவிடுவார்.

அடுத்த வருடம் பேரவையிலிருந்து போன் வந்தது. செயலாளர் அம்மாதான்.

"மேடம், வாழ்த்துகள்! நம்ம முன்விழாவை டிவியில போட்டாங்க இல்லையா, அதை நகைச்சுவை நிகழ்ச்சின்னு சேர்த்திருக்காங்க. அதுல வந்துட்டுப் போனதுக்காக சாருக்குக் கௌரவ நடிகர் பரிந்துரை. ஆனா ஒரு நிபந்தனை. விருது அறிவிக்கிற வரைக்கும் அவர் எங்க விழாவுல தலைகாட்டக் கூடாது. வந்தா ரத்து. சாரைக் கூப்பிடுறீங்களா?"

"அவர் வீட்ல இல்லீங்க. வேலைக்குப் போயிருக்கார்" என்றேன். அந்த வாக்கியம் எனக்கு எவ்வளவு பிடித்திருந்தது என்றால், இன்னொரு முறை சொன்னேன். "வேலைக்குப் போயிருக்கார். வாராவாரம் போறார்."

"அப்ப விழாவுக்கு வர மாட்டார் இல்லையா மேடம்?"

"வர மாட்டார். வேணும்னா கையை மட்டும் அனுப்பட்டுமா?"

மறுமுனையில் காகிதம் புரட்டும் சத்தம் கேட்டது. யாரிடமோ விசாரித்தார். தலைவர் ஏதோ சொல்வதும், அளவு நாடாவை இழுக்கும் சரசரப்பும் லேசாகக் காதில் விழுந்தன.

"முழங்கை வரைக்கும்னா பரவாயில்லையாம் மேடம்" என்றார்.